காட்சி மன்றமும் காயத்தின் விலையும்

எங்கள் தோட்டத்திலே செம்பனைக் குலை வெட்டும் பெரியவர் ஒருவருண்டு. ஐம்பது வயதைக் கடந்தவர். சென்ற ஆண்டு, வெட்டுண்ட மட்டையொன்று எதிர்பாராத பக்கமாய்ச் சாய்ந்து விழ, அவரது வலக்கை மணிக்கட்டு முறிந்தது. மருத்துவமனையிற் கட்டுப் போட்டு ஆறு வாரம் விடுப்புக் கொடுத்து அனுப்பினர். வெயிலும் மழையுமே வீடாக வாழ்ந்தவருக்கு, கூரையின் கீழ்ச் சும்மா இருப்பது கை வலியினும் பெரிய வலியாயிற்று. வீட்டிற் கிடந்த பழைய கைத்தொலைபேசியைப் பேரன் அவரிடங் கொடுத்து, படம் பார்க்கும் வழியையுங் காட்டிவைத்தான். அதிலே அவர் கண்டெடுத்தது, அமெரிக்கத் தொலைக்காட்சியிற் பகற்பொழுதில் காட்டப்படும் நீதிமன்ற நிகழ்ச்சியொன்று. காயம் பட்டவர்கள் நஷ்டஈடு கேட்டு வழக்காடுவதே அதன் பொருள். அவருக்கு ஆங்கிலந் தெரியாது. மாலையில் யான் நலம் விசாரிக்கச் செல்லும்போது, அன்று பார்த்ததை மீண்டும் ஓடவிட்டு, என்னைப் பொருள் சொல்லச் சொல்வார்.

ஒருநாள் வழக்கு, கடையின் ஈரத்தரையில் வழுக்கி விழுந்து முழங்காலை முறித்துக்கொண்ட ஒரு மாதினுடையது. கறுப்பங்கி அணிந்த நடுவர் அவள் பக்கமே தீர்ப்பளித்தார். கடைக்காரன் முகஞ் சுளித்து வெளியேறினான். பெரியவர் முகத்திலே, தமக்கே தீர்ப்புக் கிடைத்தாற்போன்ற மகிழ்ச்சி. பிறகு கேட்டார்: “ஏன் கிராணியாரே, தோத்துப்போனானே, அவன் எப்பப் பணத்தைக் கட்டுவான்? மொத்தமாவா, தவணையாவா?”

“அவன் கட்டமாட்டான் அண்ணே. நிகழ்ச்சி நடத்துறவங்களே கொடுத்திடுவாங்க” என்றேன்.

சற்று நேரம் பேசாதிருந்துவிட்டு, “அப்புறம் எதுக்கு அவன் அப்படி முழிச்சான்?” என்றார்.

எளிய கேள்விதான். ஆயினும் அதற்கு விடை தேடப் புகுந்தால், ஏறக்குறைய இருநூறு ஆண்டுச் சரித்திரத்தைப் புரட்டவேண்டியதாகிறது. காயம் பட்ட ஏழையின் சொல்லை யார் கேட்பது, கேட்டபின் யார் பணங் கொடுப்பது என்னும் இரு வினாக்களும் அச்சரித்திரம் முழுதும் ஒன்றையொன்று துரத்திக்கொண்டே வருகின்றன.

முதலிற் காட்சி மன்றத்தைப் பார்ப்போம். அமெரிக்க ஐக்கிய நாட்டில் இத்தகைய நிகழ்ச்சிகள் ஒன்றிரண்டல்ல. விவாகரத்துக்கென ஒன்று, குழந்தைக்குத் தந்தை யாரெனத் துணிவதற்கென ஒன்று எனக் கிளைகிளையாய்ப் பிரிந்து, 2019-ஆம் ஆண்டிலே உடற்காய வழக்குகளுக்கென்றே தனியாக ஒன்று தோன்றிற்று. அதில் நடுவராய் அமர்ந்த ஜீனோ பிராக்டன் என்பார், ஜார்ஜியா இராஜ்யத்தில் ஃபுல்ட்டன் கவுண்ட்டி என்னும் வட்டாரத்தில் முன்பு மெய்யாகவே நீதிபதியாயிருந்தவர். மேடையும், கொடியும், சுத்தியலும், காவலாளும் உண்மை மன்றத்திற்போலவே அமைந்திருக்கும். ஆனால் இவ்வகை நிகழ்ச்சிகளில் நடப்பது நீதிமன்ற விசாரணையன்று, மத்தியஸ்தமே. சிறுவழக்கு மன்றங்களிற் பதிவான வழக்குகளை நிகழ்ச்சிக்காரர் தேடிப் பார்த்து, சுவையுள்ளவற்றைப் பொறுக்கி, இரு கட்சியாருக்கும் ஓலை விடுப்பர். இசைந்தவர்கள் தத்தம் மெய்வழக்கை வாபஸ் பெற்றுக்கொண்டு, ‘இம்மத்தியஸ்தர் சொல்வதே முடிவு’ என ஒப்பந்தங் கையெழுத்திட்டு வருவர். விமானச் செலவும் தங்குமிடமும் வந்துபோவதற்கு ஒரு தொகையும் அவர்களுக்குண்டு. தீர்ப்புத் தொகையையும் நிகழ்ச்சியின் நிதியே கொடுத்துவிடும். பின்னே வரிசையாய் அமர்ந்து வியப்பதும் நகைப்பதுமாயிருக்கும் பொதுமக்கள் பலவிடங்களிற் கூலிக்கு வந்தவர்கள். சில நிகழ்ச்சிகளிலோ வாதியும் பிரதிவாதியும் நடிகர்களே. அவ்வுண்மை முடிவில், கண்ணுக்கெட்டாத சிறு எழுத்தில், இமைப்பொழுது தோன்றி மறையும்.

ஆகவே, தோற்ற கடைக்காரன் இழந்தது ஒன்றுமில்லை. அவன் விழித்தது காமிராவுக்காக என்றே கொள்ளவேண்டும்.

இக்கலையின் முன்னோடிகளுள் ஒன்று 1957-இல் தொடங்கிய விவாகரத்து மன்றம் என்னும் நிகழ்ச்சி. அதில் நடிகர்கள் மெய்வழக்குகளைத் தழுவி நடித்துக்காட்டினர். 1981 செப்டம்பரிலே வந்த மக்கள் மன்றம் என்பதுதான் நடிகரை விலக்கி, உண்மைக் கட்சிக்காரரை நிறுத்திற்று. லாஸ் ஏஞ்சலிஸ் நகரில் நீதிபதியாயிருந்து ஓய்வு பெற்ற ஜோசப் வாப்னர் என்பார் அதன் நடுவர். அமைதியுள்ளவர், கேட்டுவிட்டே பேசுபவர். 1989-இல் வாஷிங்டன் போஸ்ட் பத்திரிகை எடுத்த கணக்கொன்றிலே, அமெரிக்கரில் நூற்றுக்கு 54 பேர் வாப்னரின் பெயரை அறிந்திருந்தனர். அந்நாட்டின் தலைமை நீதிபதியான ரெங்க்விஸ்ட் என்பாரின் பெயரை அறிந்தவர் நூற்றுக்கு 9 பேரே. இதைக் கேட்டு நகைப்பாருமுண்டு. எனக்கு நகைப்பு வரவில்லை. எவரும் தம்மைப் போன்றோரின் வழக்கைக் கேட்பவரைத்தானே நினைவில் வைப்பர்!

1996-இல் வந்த ஜூடித் ஷைண்ட்லின் அம்மையார் வேறு வகையினர். நியூயார்க்குக் குடும்ப நீதிமன்றத்திலிருந்து வந்த அவர், கட்சிக்காரரைக் கேட்பதினும் கடிவதிலேயே பேர்பெற்றார். 2021 வரை ஓடிய அந்நிகழ்ச்சியில் தீர்ப்பின் உச்சவரம்பு 5,000 டாலர். அம்மையாரின் ஆண்டு ஊதியமோ 4 கோடியே 70 இலட்சம் டாலர் எனப் பத்திரிகைகள் எழுதின. அதே காலத்திற் தலைமை நீதிபதியின் ஆண்டு ஊதியம் மூன்று இலட்சத்துக்கும் உட்பட்டதே.

இத்தகைய வரம்புள்ள மன்றத்திலே காய வழக்கென்று வருவதெல்லாம் பெரும்பாலும் நாய்க்கடியும், அண்டைவீட்டாரின் கைகலப்பும், வழுக்கி விழுதலுமே. இயந்திரத்திற் கையிழந்தவனையோ, சுரங்கத்திற் கால் நசுங்கினவனையோ அங்குக் காண்பதரிது. உலகிற் காயம் படுவோரிற் பெருந்தொகையினர் வேலைத்தலத்திற் படுவோராயிருக்க, காய வழக்குகளைக் காட்டும் மேடையில் அவர்கள் மட்டும் ஏன் இல்லை? சரித்திரத்தின் சுவையான பகுதி இங்கேதான் தொடங்குகிறது.

அது 1830-களின் இங்கிலாந்து. பீட்டர்பரோ நகருக்கு அருகே தாமஸ் ஃபௌலர் என்னும் கசாப்புக் கடைக்காரனிடம் சார்ல்ஸ் பிரீஸ்ட்லி என்னும் இளைஞன் ஊழியஞ் செய்துவந்தான். 1835-இல், அளவுக்கு மீறிப் பாரமேற்றிய வண்டியில் அவனை அனுப்பினர். வண்டி முறிந்தது, அவனுடைய தொடையெலும்பும் முறிந்தது. வழக்கைக் கேட்ட ஜூரிமார் அவனுக்கு 100 பவுன் கொடுக்கத் தீர்மானித்தனர். எசமான் விடவில்லை. 1837-இல் மேல்மன்றத்திலே அபிஞ்சர் பிரபு அத்தீர்மானத்தைத் தள்ளினார். அவர் காட்டிய காரணங்கள் வியப்பானவை. ஊழியனின் காயத்துக்கு எசமான் பொறுப்பாளி என ஒருமுறை ஒப்பினால், பணிப்பெண் ஈரப்படுக்கை விரித்ததற்கும், சமையற்காரன் செப்புப் பாத்திரத்தைச் சரியாய்த் துலக்காததற்கும் எசமானே ஈடு கொடுக்க நேரிடுமாம்! பிரபுவின் மனக்கண்ணில் நின்றது உடைந்த தொடையன்று, தம் மாளிகையின் படுக்கையறையும் அடுக்களையுமே என்பது வெள்ளிடைமலை.

ஐந்தாண்டு கழித்து இவ்விதி அட்லாண்டிக் கடலைக் கடந்தது. பாஸ்டன், வூஸ்டர் என்னும் இரண்டு நகரங்களை இணைத்த இரயில்வேயில் நிக்கலஸ் ஃபார்வெல் என்பவர் எஞ்சின் ஓட்டுநர். நாளொன்றுக்கு 2 டாலர் கூலி. 1837-இல் வேறொரு ஊழியர் தடம் மாற்றுவதில் செய்த பிழையால் எஞ்சின் தடம்புரண்டது. ஃபார்வெல் வலக்கையை இழந்தார். 10,000 டாலர் கேட்டு வழக்கிட்டார். 1842-இல் மாஸச்சூஸெட்ஸ் இராஜ்யத்தின் தலைமை நீதிபதி லெமுவெல் ஷா தீர்ப்புரைத்தார். (கடற்கதை எழுதிப் புகழ்பெற்ற மெல்வில் பின்னாளில் மணந்தது இவருடைய மகளைத்தான்.) அபாயமான வேலைக்குக் கூலியும் அதிகம், அபாயத்தை அறிந்தே ஃபார்வெல் அக்கூலிக்கு இசைந்தார், தடம் மாற்றியவரும் அவரைப் போன்ற ஊழியரே, ஆகவே கம்பெனி ஒரு காசுங் கொடுக்க வேண்டியதில்லை. தீர்ப்பின் சாரம் இதுவே. அஃதாவது, அந்த 2 டாலருக்குள்ளே கையின் விலையும் அடக்கமாம். ஃபார்வெல் கூலி பேசிய நாளிற் கைக்கு எவ்வளவு, காலுக்கு எவ்வளவு எனப் பிரித்துப் பேசினாரா என்பதை நீதிபதி கேட்கவில்லை.

இவ்வாறு மூன்று கேடயங்கள் எசமானர் கைக்கு வந்தன. உடன் ஊழியனின் பிழைக்கு எசமான் பொறுப்பல்லன் என்பது முதற் கேடயம். ஆபத்தை அறிந்தே வேலைக்கு வந்தான் என்பது இரண்டாவது. காயம் பட்டவனும் சிறிது கவனக்குறைவாயிருந்தான் என்பது மூன்றாவது. இம்மூன்றையுங் கடந்து வென்ற தொழிலாளர் சிலரே. ஆலையோ சுரங்கமோ இல்லாத பழங்காலத்திற்கு இவ்விதிகள் ஒருவேளை ஏற்குமாயிருக்கும். நூற்றுக்கணக்கானோர் ஒருவரையொருவர் முகமும் அறியாது ஒரே கூரையின் கீழ் உழைக்கும் இடத்தில், அடுத்தவன் கவனத்தை அறிந்தே வேலைக்கு வந்தான் என்பதற்கு என்ன பொருள்?

பொருளை எண்ணிக்கையிற் காட்டியவர் கிரிஸ்டல் ஈஸ்ட்மன் என்னும் பெண்மணி. சட்டம் பயின்றவர். இரும்பாலைகளும் நிலக்கரிச் சுரங்கங்களும் நிறைந்த பிட்ஸ்பர்க் நகரத்து வட்டாரத்தில், 1906 ஜூலை முதல் 1907 ஜூன் வரை ஓராண்டில் வேலையின்போது மாண்டவரை ஒவ்வொருவராய்த் தேடி, அவர்தம் வீடுகளுக்கே சென்று விசாரித்தார். மாண்டவர் 526 பேர். மணமானவர்களின் குடும்பங்களிற் பாதிக்கு மேற்பட்டவற்றிற்கு எசமானர் கொடுத்தது 100 டாலர் அல்லது அதற்குங் குறைவு, பலருக்கு ஒன்றுமேயில்லை. அவருடைய நூல் 1910-இல் வெளிவந்தது. ‘தொழிலாளரின் அஜாக்கிரதையே விபத்துக்குக் காரணம்’ என்று அதுவரை சொல்லிவந்தோர்க்கு அந்நூல் வாய்ப்பூட்டாயிற்று. ஆண்டுக்கணக்கிற் படிவங்களை நிரப்பி வருபவன் என்ற முறையிற் சொல்கிறேன்: வீட்டுக்கே போய்க் கேட்டு எழுதிய கணக்குக்கும் மேசையிலிருந்து எழுதிய கணக்குக்கும் உள்ள வேற்றுமை சொல்லில் அடங்காது.

அதே 1910-இல் நியூயார்க்கு இராஜ்யம் ஒரு சட்டஞ் செய்தது. அபாயமான தொழில்களிற் காயம் படுவோர்க்கு, பிழை யாருடையதாயினும் எசமான் ஈடு கொடுக்கவேண்டும் என்பதே அது. ஜெர்மனியிற் பிஸ்மார்க் 1884-லேயே இவ்வழியிற் காப்புறுதிச் சட்டம் இயற்றியிருந்தார். இங்கிலாந்து 1897-இற் பின்தொடர்ந்தது. அமெரிக்காவோ காலந்தாழ்ந்து வந்தது. வந்ததையும் நீதிபதிகள் பொறுக்கவில்லை. பிழை செய்யாத எசமானிடம் பணம் வாங்குவது அவனது சொத்தை முறையின்றிப் பறிப்பதாகும் எனக் கூறி, 1911 மார்ச்சு 24-ஆம் நாள், இரயில்வே ஊழியர் ஐவ்ஸ் என்பாரின் வழக்கில், நியூயார்க்கு மேல்முறையீட்டு மன்றம் அச்சட்டத்தைச் செல்லாததாக்கிற்று.

மறுநாள் சனிக்கிழமை. அதே நியூயார்க்கு நகரின் டிரையாங்கிள் என்னும் சட்டைத் தொழிற்சாலையிலே மாலைவேளையில் தீப்பற்றிற்று. எட்டாவது, ஒன்பதாவது, பத்தாவது மாடிகளில் வேலை நடந்துகொண்டிருந்தது. ஒன்பதாம் மாடியில் ஒரு கதவு பூட்டிக்கிடந்தது. மாண்டவர் 146 பேர். அவரிற் பெரும்பாலார் வயிற்றுப் பிழைப்புக்காகக் கடல் கடந்து வந்த யூதக் குடும்பங்களையும் இத்தாலியக் குடும்பங்களையுஞ் சேர்ந்த இளம்பெண்கள். தீயணைப்பாரின் ஏணி அவ்வளவு உயரம் எட்டாமையின், பலர் சன்னல் வழியே குதித்து நடைபாதையில் மாண்டனர். அவ்வாண்டு டிசம்பரிற் குற்றவிசாரணை நடந்தபோது, கதவு பூட்டியிருந்ததை முதலாளிகள் அறிந்திருந்தனர் என்பது ஐயமற நிரூபணமாகவில்லை என்று ஜூரிமார் இருவரையும் விடுதலை செய்தனர். 1914-இல் சிவில் வழக்குகள் சமரசமாய் முடிந்தன. உயிரொன்றுக்கு ஏறத்தாழ 75 டாலர். முதலாளிகளுக்குக் காப்புறுதிக் கம்பெனிகள் கொடுத்தது இதனினும் பன்மடங்கு.

இதன் பின்னரே காற்றுத் திரும்பிற்று. விஸ்கான்சின் இராஜ்யம் 1911-லேயே நிலைத்து நின்ற சட்டமொன்றைச் செய்தது. நியூயார்க்கு தன் அரசியல் சாசனத்தையே திருத்திப் புதுச்சட்டம் இயற்றிற்று. 1917-இல் நாட்டின் உச்ச நீதிமன்றம் அதனை ஏற்றது. இராஜ்யங்கள் ஒன்றன்பின் ஒன்றாய் வந்தன. கடைசியாய் வந்தது மிசிசிப்பி, 1948-இல்.

இச்சட்டங்களின் உள்ளே ஒரு பேரம் இருந்தது. எசமான் தன் மூன்று கேடயங்களையுங் கீழே போட்டான். தொழிலாளியோ, எசமான்மேல் வழக்கிடும் உரிமையைக் கைவிட்டான். இன்ன காயத்துக்கு இன்ன தொகை, இழந்த கூலியில் இத்தனை பங்கு என அட்டவணை வந்தது. வலிக்கும், மனவேதனைக்கும், கேலிக்கும் அவ்வட்டவணையில் இடமில்லை. ஆனால் கண்ணீர் விட்டுக்காட்டவும் வேண்டியதில்லை. ஜூரியின் இரக்கத்தை யாசிக்கவும் வேண்டியதில்லை. ஆலைத் தொழிலாளியின் காயம் மன்றத்தை விட்டு அலுவலகத்துக்கு வந்தது. தொலைக்காட்சி மேடையில் அவன் இல்லாமைக்குப் பெருங்காரணம் அதுவே. மேடையேறத்தக்க கதை அவனிடம் இல்லாமற் போகவில்லை. மேடையேறாமலே ஈடு பெறும் வழி அவனுக்கு வந்துவிட்டது.

வழக்கு மன்றத்தில் எஞ்சியவை சாலை விபத்தும், ஈரத்தரையும், நாயும், பழுதுள்ள பண்டமுமே. இவற்றில் இன்றும் பிழை யாருடையது என நாட்டவேண்டும். ஆகவே வக்கீல் வேண்டும். 1977-இல் அரிசோனா வழக்கறிஞர் இருவர் தொடர்ந்த வழக்கில், வக்கீல்கள் விளம்பரஞ் செய்வதை முற்றாகத் தடுக்கலாகாது என அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதன்பின் காய வழக்கு வக்கீல்கள் தொலைக்காட்சியை மொய்த்தனர். வென்றால் ஈட்டில் மூன்றிலொரு பங்கு, தோற்றாற் கூலியில்லை என்பது அவர்களின் வழக்கமான ஏற்பாடு. பகற்பொழுதில் தொலைக்காட்சி பார்ப்போர் யாவர்? முதியோர், வேலையிழந்தோர், நோயிற் கிடப்போர், காயம் பட்டு வீட்டிலிருப்போர். அவர்களுக்கு நடுப்பகலில் காய வழக்கொன்றைக் காட்டி, நடுநடுவே, “உமக்கும் காயமுண்டோ? எம்மை அழையும்” என்று வக்கீல் வருவது வியாபார ஞானத்தின் உச்சியல்லவா!

இதனால் மெய்யான மன்றத்திலே காயம் பட்டவருக்கு எளிதிற் பணங் கொட்டுகிறது என்னும் எண்ணமும் பரவிற்று. அதற்குப் பலியான ஒருவரைச் சொல்லாமல் மேலே செல்லலாகாது. நியூ மெக்சிகோ இராஜ்யத்து ஆல்புகர்க்கி நகரில் 1992-இல், ஸ்டெல்லா லீபெக் என்னும் 79 வயது மூதாட்டி மெக்டொனால்டு கடையிற் காப்பி வாங்கினார். நின்றிருந்த மோட்டாரில் அமர்ந்தபடி மூடியைத் திறக்க, காப்பி மடியிற் கொட்டிற்று. எட்டு நாள் மருத்துவமனை. தோலை எடுத்து ஒட்டும் சிகிச்சை. அவர் கேட்டது ஏறக்குறைய 20,000 டாலர். கம்பெனி கொடுக்க முன்வந்தது 800. 1994-இல் வழக்கு விசாரணையானபோது, பத்தாண்டுகளில் 700-க்கு மேற்பட்ட முறையீடுகள் கம்பெனிக்கு முன்னரே வந்திருந்தமை வெளிப்பட்டது. ஜூரிமார் நஷ்டஈடாக 200,000 டாலர் மதிப்பிட்டு, அம்மூதாட்டியின் பக்கமும் நூற்றுக்கு 20 பங்கு பிழையுண்டெனக் கண்டு 160,000 ஆகக் குறைத்தனர். அதன்மேல் தண்டத்தொகையாக 27 இலட்சம் விதித்தனர். நீதிபதி அதனை 480,000 ஆகக் குறைத்தார். முடிவில் இரு கட்சியாரும் வெளியே சமரசஞ் செய்துகொண்டனர். உலகம் அறிந்ததோ, ‘காப்பி கொட்டியதற்குக் கிழவிக்கு இலட்சக்கணக்கில்’ என்னும் நையாண்டி ஒன்றே. 800-ம், 700-ம் எவர் காதிலும் விழவில்லை. மன்றத்தில் ஆறமரக் கேட்ட ஜூரிமார் ஒன்று கேட்டனர்; வெளியே நின்ற நாடு வேறொன்று கேட்டது.

காட்சி மன்றத்தை முற்றிலும் பழிக்க யான் துணியவில்லை. அதனால் நன்மையுஞ் சிறிதுண்டு. ரசீதைப் பத்திரப்படுத்து, காயத்தைப் படமெடுத்து வை, சாட்சியின் பெயரை அன்றே குறித்துக்கொள், வாயால் தந்த வாக்கை எழுத்தில் வாங்கு என்றெல்லாம் நடுவர் கடிந்துரைப்பது, வக்கீலுக்குக் கொடுக்க வழியற்றவனுக்கு இலவசப் பாடமாகும். மேலும், ஏழையொருவனை நிற்கவைத்து, “என்ன நடந்தது, நீயே சொல்” என்று உயர்ந்த ஆசனத்தில் இருப்பவர் கேட்கிறார். கூலிக்காரக் கூட்டத்தின் நடுவேயாயினும், காமிராவுக்காகவேயாயினும், அக்கேள்வி கேட்கப்படுகிறது. எங்கள் பெரியவரை அந்நிகழ்ச்சியிற் பிணித்தது பணமன்று, அக்கேள்வியே என்பதைச் சில நாள் கழித்தே உணர்ந்தேன்.

ஆனால் தீமை பெரிது. நூறாண்டு போராடி அகற்றிய ‘பிழை யாருடையது’ என்னும் தராசை, காட்சி மன்றம் மீண்டும் நடுவீட்டிற் கொண்டுவந்து நிறுத்துகிறது. அதிலும் சாட்சியத்தை விட முகபாவமே கனக்கிறது. நன்றாய்ப் பேசுபவன் வெல்கிறான், திக்குபவன் பொய்யனாகிறான். பிழை செய்தவன் கைப்பணத்தை இழப்பதில்லையாதலின், அவன் தன் கடையின் தரையை நாளை துடைப்பான் என்பதற்கும் உறுதியில்லை. அபிஞ்சர் பிரபுவின் தீர்ப்பிலே எசமான் வென்று தப்பினான்; இங்கே தோற்றுந் தப்புகிறான்.

நம் நாட்டு நிலை வேறு. தொழிலாளர் சமூகப் பாதுகாப்புச் சட்டம் 1969-இல் நிறைவேறி, சொக்சோ என நாம் வழங்கும் நிறுவனம் 1971-இல் தோன்றிற்று. மாதந்தோறும் எசமானும் தொழிலாளியும் பணங் கட்டுகின்றனர். வேலையிற் காயம் பட்டால், பிழையை விசாரியாது ஈடு வருகிறது. எசமான்மேல் வழக்கிட அச்சட்டம் இடந்தருவதில்லை. அமெரிக்காவில் நடந்த அதே பேரந்தான். 2019 ஜனவரி முதல் நம்மிடையே உழைக்கும் அயல்நாட்டாரும் இக்காப்பினுள் வந்தனர். இது பெரும்பேறு என்பதில் எனக்கு ஐயமில்லை.

ஆயினும் படிவத்தின் இந்தப் பக்கத்தில் இருப்பவன் யான். வேலைக்குச் சேர்ந்த புதிதில், வேறொரு தோட்டத்தில், குலையேற்றும் தொழிலாளர் ஒருவர் லாரியிலிருந்து விழுந்து தோளை முறித்துக்கொண்டார். ‘விபத்து நேர்ந்த விதம்’ என்ற கட்டத்திலே, ‘தொழிலாளியின் கவனக்குறைவால் விழுந்தார்’ என்று எழுதினேன். எவரும் எழுதச் சொல்லவில்லை. அலுவலகத்திற் பழைய படிவங்கள் அவ்வாறே இருந்தன, பார்த்து எழுதினேன். அவருக்கு வரவேண்டிய தொகை அச்சொல்லால் ஒரு சென்னும் குறையவில்லை. சட்டம் அதைக் கேட்பதேயில்லை. ஆனால் நகலைப் படித்துக் காட்டிய தம் மகளோடு அவர் அலுவலக வாசலுக்கு வந்தார். “எம்மேல தப்புன்னு எழுதிப்புட்டீங்களே கிராணியாரே” என்றார். வேறொன்றும் சொல்லவில்லை. லாரியின் பின்கதவுக் கொக்கி மூன்று வாரமாய்த் தேய்ந்து கிடந்தது அதன் பின்னரே எனக்குத் தெரியவந்தது. அபிஞ்சர் பிரபுவையும் லெமுவெல் ஷாவையும் இக்கட்டுரையில் நகைத்தேன். அவர்கள் எழுதிய அதே எழுத்தைச் சம்பளத்துக்கு எழுதியவன் யான்.

மணிக்கட்டு முறிந்த பெரியவர் கட்டு அவிழ்ப்பதற்கு முந்திய வாரம், தம் காகிதத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டார். மறுநாள் நகலைக் கொண்டுபோய்ப் படித்துக் காட்டினேன். ‘குலை வெட்டுகையில் மட்டை விழுந்து வலக்கை மணிக்கட்டு முறிந்தது.’ அவ்வளவே.

“அவ்வளவுதானா?” என்றார். பிறகு கைத்தொலைபேசியை அணைத்து வைத்துவிட்டுச் சொல்லத் தொடங்கினார். முதல்நாள் இரவு முழுதும் மழை, மண் சறுக்கியது. மரமோ உயர்ந்த மரம். கழியின் நீளம் போதாமையால், அடிமரத்தை ஒட்டி நின்று வெட்டவேண்டியதாயிற்று. நீளக்கழி வேண்டுமென்று இரண்டு முறை கேட்டிருந்தார். மட்டை அசையும் ஓசை கேட்டு விலகினார், கால் சறுக்கிற்று, கையை ஊன்றினார். அவர் நிறுத்தும்வரை யான் குறுக்கிடவில்லை.

படிவத்தின் கட்டம் மூன்று வரியே கொள்ளும். ஆகையால் தனித்தாளொன்றில் அவர் சொன்னபடியே எழுதி, முன்னனுப்பிய படிவத்தோடு சேர்க்கும்படி குறிப்பிட்டு, கையொப்பத்துக்கு நீட்டினேன். வலக்கையிற் கட்டு இருந்தபடியால் இடக்கையாலேயே, நெடுநேரம் எடுத்துக்கொண்டு, தம் பெயரை எழுதினார்.